நாட்டார் பாடலும் ஒலிப்பதிவின் மறுசெப்பமும்

ஏட்டுச் சுவடியை ஆராய்ந்து பதிப்பித்தல் நம்மவர்க்குப் புதிய தொழிலன்று. யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியிற் பிறந்த சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்கள் (1832-1901) வீரசோழியத்தை 1881ஆம் ஆண்டிலும் கலித்தொகையை 1887ஆம் ஆண்டிலும் அச்சேற்றினார்கள். உ. வே. சாமிநாதையர் அவர்கள் சிலப்பதிகாரத்தை 1892ஆம் ஆண்டில் வெளியிட்டார்கள். செல்லரித்த ஏடுகளைத் தேடிப் பெற்று, ஒன்றோடொன்று ஒப்புநோக்கி, பாடபேதம் குறித்து, சிதைந்த இடத்தைச் சிதைந்ததென்றே காட்டி, அவர்கள் ஆற்றிய பணியினாலேயே பழந்தமிழ் இலக்கியம் நம் கைக்கு எட்டியது. எழுத்தைக் காத்த அம்முறையை ஒலியைக் காக்கும் முயற்சிக்கும் பொருத்திப் பார்த்தல் இயலுமோ என்பதே இக்கட்டுரையின் வினா.

ஒலிக்கும் இன்று பதிப்பாசிரியர் உளர். பழைய இசைத்தட்டையோ காந்த நாடாவையோ எடுத்து, அதிலுள்ள ஒலியை மிக நுண்ணிய எண்களாக மாற்றி, கீறலும் இரைச்சலும் நீக்கிப் புதிதாக வெளியிடுதலை ‘ரீமாஸ்டரிங்’ என்பர். அதனை இங்கே மறுசெப்பம் என வழங்குவோம். மேனாட்டில் நாட்டார் பாடலையும் மின் கிற்றாரையும் இணைத்துப் பிறந்த ‘ஃபோக் ரொக்’ என்னும் இசைவகையின் தொகைத்தட்டுகள் அண்மைக் காலத்திற் பலமுறை இவ்வாறு மறுசெப்பம் பெற்றுள்ளன. அவற்றின் வரலாற்றை ஆராய்ந்து, அது ரம்புக்கனையைச் சூழ்ந்த சபரகமுவத் தோட்டங்களில் வாழும் நம் மக்களின் பாடல்களுக்கு யாது கற்பிக்கின்றது என்று காண்போம்.

ஒலி ஏறிய பொருள்கள்

ஒலியைப் பதிந்து மீண்டும் கேட்பிக்கும் கருவியைத் தோமஸ் எடிசன் 1877ஆம் ஆண்டில் அமைத்தார். அவர் பயன்படுத்தியது உருளை. பத்தாண்டு கழித்து எமில் பேர்ளினர் தட்டையான இசைத்தட்டைக் கண்டார். ஓர் அச்சிலிருந்து பல்லாயிரம் படிகள் எடுக்கத் தட்டே ஏற்றதாயிருந்தமையின் அது உலகெங்கும் பரவிற்று. அத்தட்டுகளின் முதன்மை மூலப்பொருள்களுள் ஒன்று அரக்கு. இந்தியக் காடுகளின் மரங்களிற் பூச்சிகள் சுரக்கும் அரக்கே உலகத்து இசைக்கெல்லாம் ஏடாயிற்று என்பது நாம் எண்ணிப் பார்க்கத்தக்கது. 1902ஆம் ஆண்டில் கல்கத்தாவில் ஒலிப்பதிவு தொடங்கிய கிராமபோன் கம்பெனி, 1908ஆம் ஆண்டில் அந்நகரின் சியால்டாவில் தட்டு அச்சிடும் தொழிற்சாலையை நிறுவிற்று.

அக்காலத் தட்டின் ஒரு பக்கம் ஏறத்தாழ மூன்று நிமிடமே ஓடும். இவ்வெல்லை பாடலின் உருவையே மாற்றிவிட்டது. விடியும்வரை பாடப்படும் கதைப்பாடல் மூன்று நிமிடத்துள் அடங்காது. பாடகர் முதலிற் சில அடிகளும் முடிவிற் சில அடிகளும் பாடி நிறுத்தினர். எனவே, முதற் பதிவே ஒருவகைச் சுருக்கப் பதிப்பு என்க. மேலும், 1925ஆம் ஆண்டுக்கு முன் ஒலிவாங்கி இல்லை. பாடகர் ஒரு கொம்பின் வாயினுள் உரத்துப் பாடவேண்டும். வினாடிக்கு ஏறத்தாழ 5,000 அதிர்வுகளுக்கு மேற்பட்ட நுண்ணொலிகள் அம்முறையிற் பெரும்பாலும் அகப்படவில்லை. மின்முறைப் பதிவு 1925ஆம் ஆண்டில் வந்தபின்னரே மென்குரலும் தாழ்ந்த மேளவொலியும் தட்டில் ஏறின.

செருமானியர் 1930களில் திருத்தி அமைத்த காந்த நாடா இரண்டாம் உலகப் போருக்குப்பின் எங்கும் பரவிற்று. 1948ஆம் ஆண்டில் நிமிடத்துக்கு 33⅓ சுற்றுச் சுழலும் நெடுந்தட்டு வெளிவந்தது. ஒரு பக்கத்திலேயே இருபது நிமிடத்துக்கு மேற்பட்ட இசையை அடக்கும் அத்தட்டினாலேயே தொகைத்தட்டு என்னும் வகை செழித்தது. வெவ்வேறு காலத்துப் பாடல்களைத் தெரிந்து, வரிசைப்படுத்தி, ஒரு நூல்போல அளித்தல் அதன் இயல்பு. நம் சங்கச் செய்யுள்களும் இவ்வாறே தொகையாகி நமக்கு வந்தன. குறுந்தொகையைத் தொகுத்தவர் பூரிக்கோ என்றும், ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார் என்றும் மரபு கூறும். பாடியவர் ஒருவர், தொகுத்தவர் வேறொருவர், காத்தவர் இன்னொருவர். இம்மூவர் பணியும் சேர்ந்தே ஒரு பாடல் காலத்தைக் கடக்கின்றது.

தொகையினின்று பிறந்த புதுமை

1952ஆம் ஆண்டில் ஹரி சிமித் என்பவர் நியூயோர்க்கிலுள்ள ஃபோக்வேஸ் நிறுவனத்தின் வாயிலாக அமெரிக்க நாட்டார் இசைத்தொகை ஒன்றை வெளியிட்டார். மூன்று பகுதிகளாக அமைந்த அத்தொகையில் 84 ஒலிப்பதிவுகள் இருந்தன. அவை யாவும் 1927ஆம் ஆண்டு முதல் 1932ஆம் ஆண்டு வரை வணிகத்தின்பொருட்டுப் பதியப்பட்டு, விலைபோகாது கைவிடப்பட்டவை. மலைநாட்டு உழவர், பருத்தித் தோட்டத்துக் கறுப்பின மக்கள், சுரங்கத் தொழிலாளர் முதலியோரின் பாடல்கள் அவை. சிமித் பெருஞ் செல்வர் அல்லர். பழந்தட்டுகளைத் தேடித் தேடிச் சேர்த்தவர். தாம் சேர்த்த தட்டுகளையே மூலமாகக் கொண்டு அவர் அத்தொகையை அமைத்தார்.

அத்தொகையைக் கேட்டு வளர்ந்த இளைஞரே பின்னர் அமெரிக்க நாட்டார் இசை மறுமலர்ச்சியின் முன்னணியில் நின்றனர். அவருள் ஒருவரான பொப் டிலன் 1965ஆம் ஆண்டு யூலை மாதம் நியூபோட் விழாவில் மின் கிற்றாருடன் மேடையேறியபோது, கூட்டத்தில் ஒரு சாரார் கூச்சலிட்டு எதிர்த்தனர். மரபு கெட்டதென்பது அவர் குறை. அவ்வாண்டிலேயே பேர்ட்ஸ் என்னும் குழுவினர் டிலனுடைய பாடலொன்றைப் பன்னிரு தந்தி மின் கிற்றாருடன் பாடிப் பெரும்புகழ் எய்தினர். ஃபோக் ரொக் என்னும் பெயரும் அக்காலத்தே வழக்கிற்கு வந்தது.

இவ்வகையின் வரலாற்றில் ஒரு நிகழ்ச்சி நம் ஆராய்ச்சிக்குப் பெரிதும் பயன்படுவது. போல் சைமன், ஆட் காபங்கல் என்னும் இருவர் 1964ஆம் ஆண்டில் ‘மௌனத்தின் ஓசை’ எனப் பொருள்படும் பாடலொன்றை ஒற்றைக் கிற்றாருடன் பதிந்தனர். அது வெளிவந்த தட்டு விலைபோகவில்லை. பாடகர் இருவரும் பிரிந்து சென்றனர். 1965ஆம் ஆண்டில் தொம் வில்சன் என்னும் தயாரிப்பாளர், பாடியவர் அறியாமலே, அப்பதிவின்மேல் மின் கிற்றாரையும் முரசையும் ஏற்றி வெளியிட்டார். 1966ஆம் ஆண்டு சனவரியில் அது அமெரிக்கப் பாடல் வரிசையில் முதலிடம் பெற்றது. அவர்தம் சிறந்த பாடல்கள் 1972ஆம் ஆண்டில் தொகைத்தட்டாக வெளிவந்தபோது, அதிலிடம் பெற்றது மின்னிசை ஏறிய வடிவமே. அத்தொகையிற் சில பாடல்கள் முன் வெளிவராத மேடைப் பதிவுகளாகவும் இருந்தன. அமெரிக்காவில் மட்டும் 1 கோடி 40 இலட்சம் படிகளுக்கு நற்சான்று பெற்ற தொகை அது.

இங்கே ஒரு வினா எழுகின்றது. இப்பாடலின் மூலம் யாது? ஒற்றைக் கிற்றாருடன் அமைந்த 1964ஆம் ஆண்டுப் பதிவா? மின்னிசை ஏறிய 1965ஆம் ஆண்டுப் பதிவா? தொகையில் நின்ற வடிவமா? முந்தியதே மூலமென்பர் ஒருசாரார். மக்கள் ஏற்றதே மூலமென்பர் மற்றொரு சாரார். பதிப்பாசிரியர் கூறும் விடை வேறு. மூன்றும் மூன்று பாடங்கள். மூன்றையும் காத்து, இன்னது இன்ன ஆண்டினது என்று குறித்து வைத்தலே நெறி. ஒன்றை மெய்யென நாட்டி ஏனையவற்றை அழித்தல் வரலாற்றுக்கு இழைக்கும் தீங்காகும்.

நுண்ணெண்கள் செய்வதும் செய்யாததும்

இனி, மிகுநுண் மறுசெப்பம் எவ்வாறு நிகழ்கின்றது என்று காண்போம். ஒலியலையை எண்ணாக்குவதற்கு இரண்டு அளவுகள் வேண்டும். வினாடிக்கு எத்தனை முறை அலையை அளக்கின்றோம் என்பது ஒன்று. ஒவ்வொரு முறையும் எத்தனை நுட்பமாக அளக்கின்றோம் என்பது மற்றொன்று. 1982ஆம் ஆண்டில் விற்பனைக்கு வந்த குறுந்தட்டு வினாடிக்கு 44,100 முறை அளக்கும். ஒவ்வோர் அளவும் 16 இரும இலக்கங்களாற் குறிக்கப்படும். 65,536 படிகளைப் பிரித்தறிய அது போதும். மிகுநுண் பதிவோ வினாடிக்கு 96,000 அல்லது 192,000 முறை அளப்பது. ஒவ்வோர் அளவும் 24 இரும இலக்கமுடையது. அதனாற் பிரித்தறியப்படும் படிகள் 1 கோடி 67 இலட்சத்துக்கு மேற்பட்டவை.

அலையின் அதிர்வைப்போல் இருமடங்குக்கு மேல் அளந்தால் அவ்வலையை முற்றும் மீட்கலாம் என்பது நைக்குவிஸ்ட், ஷானன் என்னும் அறிஞர்கள் வகுத்த கோட்பாடு. மாந்தர் செவி ஏறத்தாழ 20,000 அதிர்வுகளுக்கு மேற்பட்ட ஒலியைக் கேளாது. ஆகவே குறுந்தட்டின் அளவே கேட்போருக்குப் போதுமன்றோ என்று வினவலாம். 2007ஆம் ஆண்டில் மேயர், மொரான் என்னும் இருவர் அமெரிக்காவிற் செய்து வெளியிட்ட செவிச் சோதனையில், மிகுநுண் இசையையும் அதனைக் குறுந்தட்டின் அளவுக்குக் குறைத்த இசையையும் கேட்டோர் வேறுபடுத்திக் கூற இயலாதவராயினர். அம்முடிபை மறுப்பாரும் உளர். ஆயினும் வணிகர் கூறுமளவு வேற்றுமை செவிக்குப் புலனாகாதென்பது தெளிவு.

அங்ஙனமாயின் மிகுநுண் அளவை வீணோ? அன்று. கேட்போருக்கு வேண்டாத நுட்பம் பதிப்பாசிரியருக்கு வேண்டும். கீறலின் வெடிப்பொலி மிகக் குறுகிய நேரத்தில் எழுந்து மறைவது. நுண்ணிதாக அளந்தாலன்றி அதனை இசையினின்று பிரித்தல் அரிது. திருத்தும்போது பன்முறை கணிக்க நேர்வதால், இலக்கம் மிகுந்தாற் கணிப்பின் பிழை செவிக்கு எட்டாது. ஒலிச்சுவடிக் காப்பாளரின் அனைத்துலகச் சங்கம் 24 இலக்கமும் 96,000 அளவும் கொண்டு காப்புப்படி எடுக்குமாறு அறிவுறுத்துவதும் இதுபற்றியே.

ஆனால் எண் எத்துணை நுட்பமாயினும், பதிவில் ஏறாத ஒலியை அது படைத்துத் தராது. கொம்பின் வாயிற் பாடிய பழம்பாடலை 192,000 முறை அளந்தாலும் அகப்படாது போன நுண்ணொலி திரும்பாது. ஏட்டில் இல்லாத அடியைப் பதிப்பாசிரியர் தாமே இயற்றிச் சேர்த்தால் அது இடைச்செருகலாகும். ஒலியிலும் அவ்வாறே.

இடைச்செருகலும் சிதைவும் ஒலிப்பதிப்பில் நிகழாமலில்லை. 1990களுக்குப் பின் வந்த மறுசெப்பங்கள் பலவற்றில், தம் தட்டே பிறர் தட்டினும் உரத்து ஒலிக்கவேண்டும் என்னும் போட்டியால், மென்மைக்கும் வன்மைக்கும் உள்ள இடைவெளி நெருக்கப்பட்டது. மெல்லப் பாடிய அடியும் உரக்கப் பாடிய அடியும் ஒரே மட்டத்தில் ஒலித்தன. இரைச்சலை நீக்கப்போய் மூச்சொலியையும் தந்தியின் இன்னொலியையும் நீக்கியவர் உளர். 2022ஆம் ஆண்டில் மொபைல் ஃபிடெலிட்டி என்னும் அமெரிக்க நிறுவனம், பழைய நாடாவிலிருந்து நேரே வார்த்தவையெனப் பலரும் நம்பிப் பெருவிலைக்கு வாங்கிய தட்டுகள் பலவற்றிற்கு இடையில் எண்முறைப் படியைப் பயன்படுத்தி வந்தமை வெளியாயிற்று. அத்தட்டுகளின் இசை இனிதென்றே முன்னர்ப் பாராட்டியவர் பலர். குறை ஒலியில் அன்று, எம்மூலத்திலிருந்து எவ்வாறு எடுத்தோம் என்பதைக் கூறாமையில் இருந்தது. பதிப்புரையில் மூலத்தை மறைத்தல் பதிப்பாசிரியர்க்கு ஒவ்வாது.

மூலம் அழிந்தால் பின்னர் எந்நுட்பமும் உதவாது. 2008ஆம் ஆண்டு யூன் முதலாந் தேதி ஹொலிவூட்டிலுள்ள யூனிவேர்சல் வளவில் மூண்ட தீயினால் அங்குச் சேர்த்து வைத்திருந்த மூலநாடாக்கள் பல எரிந்தன. நம் நாட்டில் 1983ஆம் ஆண்டு யூலைக் கலவரத்தின்போது கொழும்பை அடுத்த ஹெந்தளையில் இருந்த விஜயா படப்பிடிப்பு நிலையம் எரிக்கப்பட்டது. அதனுடன் சிங்களத் திரைப்படங்களின் மூலச்சுருள்கள் பல சாம்பலாயின. தமிழருடைய உடைமை என்று இட்ட தீ சிங்களக் கலையின் செல்வத்தையும் உடன் எரித்தது. காப்பகத்துக்கு இனமில்லை என்னும் உண்மையை அந்நிகழ்ச்சி கசப்பாகக் கற்பித்தது.

நம் தீவின் பொப் இசை

இலங்கையில் 1925ஆம் ஆண்டு தொடங்கிய வானொலி, 1949ஆம் ஆண்டில் ரேடியோ சிலோன் என்னும் பெயர் பூண்டு, 1967ஆம் ஆண்டு சனவரியிற் கூட்டுத்தாபனமாயிற்று. அவ்வானொலி வழியே மேனாட்டு மின் கிற்றார் இசை இங்கும் எட்டிற்று. அதனை நாட்டு மெட்டோடு இணைத்த முதன்மைக் குழுக்களுள் ஒன்று நம் சபரகமுவ மாகாணத்தினின்றே எழுந்தது. 1960களின் நடுப்பகுதியில் இரத்தினபுரியை நிலைக்களனாகக் கொண்டு அமைந்த மூன்ஸ்டோன்ஸ் குழு அது. அனெஸ்லி மாலேவனவும் கிளரன்ஸ் விஜேவர்தனவும் அதன் தூண்கள். அப்புத்தளையிற் பிறந்த கிளரன்ஸ் விஜேவர்தன (1943-1996) சிங்கள மெல்லிசையில் மின் கிற்றாருக்கு நிலையான இடம் தேடித் தந்தவர்.

தமிழிலும் அவ்வலை எழுந்தது. உரும்பிராயைச் சேர்ந்த நித்தி கனகரத்தினம், திருகோணமலையைச் சேர்ந்த பரமேஸ், கோணேஸ் சகோதரர், ‘சுராங்கனி’ பாடலாற் கடல் கடந்தும் புகழ்பெற்ற ஏ. ஈ. மனோகரன் முதலியோர் ஊர்ப்பேச்சையும் ஊர் மெட்டையும் பொப் இசையிற் கலந்தனர். ஜெரல்ட் விக்கிரமசூரியவின் ‘சூரிய’ என்னும் இசைத்தட்டு நிறுவனம் சிங்களப் பாடகரையும் தமிழ்ப் பாடகரையும் ஒரே முத்திரையின்கீழ் வெளியிட்டது. அரசியலிற் பிளவு வளர்ந்த ஆண்டுகளில் இசைத்தட்டுப் பெட்டியில் இருமொழியும் அருகருகே நின்றன என்பதை வரலாற்று மாணவர் குறித்துக்கொள்ளல் நன்று. அண்மை ஆண்டுகளில் அக்கூபோன் என்னும் பிரெஞ்சு நிறுவனம் இவ்விருமொழிப் பாடல்களைத் திரட்டி, இலங்கை நாட்டுப் பொப் இசையின் பொற்காலம் எனப் பொருள்படும் பெயரால் தொகைத்தட்டாக வெளியிட்டது. பாரிஸ் நகரத்து இளைஞர் கேட்கும் அப்பாடல்களை நம் மாணவருட் பலர் கேட்டிரார்.

மூலநாடா இல்லாத பாடல்கள்

நிற்க. மேற்கூறிய இசைக்கெல்லாம் ஏதேனும் ஒரு தட்டோ நாடாவோ உண்டு. தோட்டத்துப் பாடலுக்கு யாது உண்டு?

கொழும்பிலிருந்து கண்டிக்கு இருப்புப்பாதை 1867ஆம் ஆண்டிற் பூர்த்தியாயிற்று. ரம்புக்கனை வரை தாழ்நிலத்தில் ஓடும் அப்பாதை அங்கிருந்து கடுகண்ணாவை நோக்கிச் செங்குத்தாக ஏறும். 1914ஆம் ஆண்டில் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடத் தொடங்கியபின், மண்டபம் முகாமிலிருந்து புறப்பட்ட தொழிலாளர் தலைமன்னாரில் இறங்கிப் புகைவண்டியேறி, பொல்காவலைச் சந்தி வழியாக மலையேறினர். அவருட் பலர் கண்ட முதல் மலை ரம்புக்கனைக்கு அப்பால் எழுவது. சிலர் மேலே நுவரெலியா வரை சென்றனர். சிலர் இச்சபரகமுவத்திலேயே தங்கினர். 1876ஆம் ஆண்டில் ஹெனரத்கொடையில் நட்ட கன்றுகளிலிருந்து பரவிய இறப்பர், கேகாலை மாவட்டத்தின் முதன்மைப் பயிர்களுள் ஒன்றாயிற்று. கொழுந்து பறிக்கும் கையும் பால்வெட்டும் கையும் இங்கே அடுத்தடுத்த மலைகளில் உழைத்தன.

அவர் கொண்டுவந்த மூட்டையிற் பொருள் சிறிது, பாடல் பெரிது. தாலாட்டு, தெம்மாங்கு, கும்மி, ஒப்பாரி என்பன இங்கு வந்து புதுப்பொருள் பெற்றன. காமன் கூத்தும் அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கர் கதையும் லயத்து முற்றத்திற் பாடி ஆடப்பட்டன. துரை, கங்காணி, பிரட்டுக்களம், பேர் விழாத நாள் என்னும் சொற்கள் தெம்மாங்கிற் புகுந்தன. எழுத்தறியாத மக்களுக்கு அப்பாடலே விண்ணப்பம், அதுவே செய்தித்தாள், அதுவே வரலாற்று நூல்.

அவற்றை எழுத்தில் ஏற்றியோர் சிலர். மடக்கும்புரைத் தோட்டத்திற் பிறந்த சி. வி. வேலுப்பிள்ளை (1914-1984) அப்பாடல்களை வாழ்நாள் முழுதும் சேர்த்தார். அவர் தொகுத்த மலைநாட்டு மக்கள் பாடல்கள் 1983ஆம் ஆண்டில் நூலாயிற்று. அவருக்கு முன், கோ. நடேசையரின் துணைவியார் மீனாட்சி அம்மையார் தாமே இயற்றிய பாடல்களைத் தொழிலாளர் கூட்டங்களிற் பாடி, 1940ஆம் ஆண்டிற் சிறுநூலாகவும் வெளியிட்டார். தமிழகத்தில் நா. வானமாமலையும் வடஇலங்கையில் மு. இராமலிங்கமும் ஆற்றிய தொகைப்பணி போன்று மலையகத்துக்கு இவை மூலநூல்கள்.

ஆயினும் அச்சு சொல்லைக் காக்கும், இசையைக் காவாது. ஒப்பாரியின் இழுப்பு எழுத்தில் ஏறாது. தெம்மாங்கிற் பாடுவோர் எவ்விடத்து மூச்செடுக்கின்றனர், எதிர்ப்பாட்டு எங்கே தொடங்குகின்றது, தப்பின் அடி எப்போது விரைகின்றது என்பன நூலில் இல்லை. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையைப் படிக்கின்றோம். மாதவி ஆடிய இசை எவ்வாறு ஒலித்ததென்று எவரும் அறியார். அவ்விழப்புக்குக் காலம் காரணம். நம் தோட்டத்துப் பாடல் அழிந்தால் காரணம் நாமே.

இவ்வழிவு ஏன் விரைகின்றது? 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் தோட்ட மக்களுட் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. 1964ஆம் ஆண்டு ஒக்டோபரிற் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கிட்டு, 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை 1974ஆம் ஆண்டு உடன்படிக்கை சரிபாதியாகப் பிரித்தது. குடும்பங்கள் பிரிந்தன. முதற்பாட்டுப் பாடுபவர் நீலகிரிக்குச் செல்ல, எதிர்ப்பாட்டுப் பாடுபவர் கேகாலையில் எஞ்சினார். பாதிப்பாடல் அக்கரையிலும் பாதி இக்கரையிலும் ஆயிற்று. சபரகமுவத் தோட்டங்களோ நுவரெலியாவைப்போற் செறிந்து கிடப்பன அல்ல. சிங்களக் கிராமங்களுக்கிடையே தனித்தனியாகச் சிதறிக் கிடப்பன. தமிழ்ப் பாடசாலை எட்டாத தோட்டத்துப் பிள்ளைகள் சிங்கள மொழியிற் கற்கின்றனர். அயல்மொழி கற்றல் நன்றே. ஆனால் பாட்டி பாடும் தாலாட்டின் சொல் பேரப்பிள்ளைக்கு விளங்காத நாளில் அப்பாடல் பாட்டியோடு முடிந்துவிடும். அதற்கு மறுசெப்பம் செய்ய வழியில்லை, ஏனெனில் செப்பஞ் செய்ய ஒரு மூலம் இல்லை.

செய்யத்தக்கன

ஹரி சிமித்தின் தொகை நமக்கு ஊக்கம் அளிப்பது. அவர் கையிலிருந்தவை பிறர் வேண்டாமென்று ஒதுக்கிய தட்டுகளே. அவை 1952ஆம் ஆண்டிற் காக்கப்பட்டமையாலேயே 1997ஆம் ஆண்டில் சிமித்சோனியன் நிறுவனம் அவற்றை ஆறு குறுந்தட்டுகளாக மறுசெப்பம் செய்ய முடிந்தது. இன்று நம் மாணவர் பலர் கையிலுள்ள தொலைபேசி, அன்றைய கிராமபோன் கம்பெனியின் கருவிகளினும் நுட்பமாக ஒலியை வாங்கவல்லது. பெருஞ்செலவு வேண்டியதில்லை. நெறியே வேண்டும்.

முதலாவது, பாடுவோரின் இசைவைப் பெற்றே பதிதல் வேண்டும். பாடல் அவருடையது, நம்முடையதன்று. இரண்டாவது, பாடியவர் யார், எத்தோட்டத்தவர், எவரிடம் கற்றார், எவ்வேளையிற் பாடப்படுவது என்பவற்றைப் பாடலுக்கு முன் அவர் வாயாலேயே சொல்வித்துப் பதிதல் வேண்டும். குறிப்பற்ற பதிவு முகவுரை கிழிந்த ஏட்டுக்கு ஒப்பாகும். மூன்றாவது, கருவி இடந்தரும் உயர்ந்த அளவிற் பதிந்து, அம்மூலத்தை ஒருபோதும் திருத்தலாகாது. நான்காவது, இரைச்சல் நீக்கிய படியையும் கிற்றார் சேர்த்த படியையும் வேறு பெயரிட்டு, இன்னது செய்தோம் என்று எழுதி வெளியிடலாம். புதுமை செய்தல் குற்றமன்று. மூன்ஸ்டோன்ஸ் குழுவினரும் நித்தி கனகரத்தினமும் செய்தது புதுமையே. மூலத்தை அழித்துப் புதுமை செய்தலே குற்றம். ஐந்தாவது, ஒவ்வொரு பதிவுக்கும் மூன்று படிகளேனும் எடுத்து, வெவ்வேறு ஊர்களில் வைத்தல் வேண்டும். ஹெந்தளையின் தீயும் ஹொலிவூட்டின் தீயும் இதனைக் கற்பித்துள்ளன.

ஆண்டுதோறும் விடுமுறையில் ஒரு மாணவன் ஒரு முதியவரின் ஒரு பாடலைப் பதிந்தானாயினும், பத்தாண்டில் ஒரு கல்லூரியின் நூலகம் எவ்வரசாங்கக் காப்பகத்திலும் இல்லாத செல்வத்தை உடையதாகும். ஆசிரியர் அதனை வரலாற்றுப் பாடத்தின் செய்முறையாகக் கொள்ளலாம். பழைய மாணவர், குறிப்பாக நீலகிரியிலும் கொழும்பிலும் அயல்நாடுகளிலும் வாழ்வோர், தம் தாய்தந்தையரிடமுள்ள எஞ்சிய பாதிப்பாடலைப் பதிந்து அனுப்பலாம். பிரிந்த பாட்டும் எதிர்ப்பாட்டும் அவ்வாறு மீண்டும் கூடும்.

நீராவி வண்டிகள் ஓடிய காலத்தில், ரம்புக்கனையில் வண்டியின் பின்னே மற்றோர் எஞ்சினைப் பூட்டி மலையேற்றுவர். அவ்வெஞ்சின் வண்டியின் சரக்கை மாற்றுவதில்லை, பயணிகளை இடம் மாற்றி அமர்த்துவதுமில்லை. ஏற இயலாத ஏற்றத்தில் தள்ளிவிடுவதே அதன் பணி. மிகுநுண் மறுசெப்பமும் அத்தகைய துணை எஞ்சினாதல் வேண்டும். ஆனால் முன்னே ஒரு வண்டி வந்து நின்றாலன்றிப் பின்னிருந்து தள்ளுவதற்கு ஒன்றுமில்லை. அவ்வண்டி இன்றும் நம் லயங்களின் திண்ணையில், எழுபதும் எண்பதும் கடந்த மூதாட்டியரின் நாவில் நிற்கின்றது. அது புறப்பட்டுப் போகுமுன் அதனைச் சென்று சேர்தல் நம் கடன்.